கண்ணாடிப் பெட்டிக்குள் கருப்புசாமியின் தப்பட்டை

“கிழிச்சுப்போட்டாங்க மேடம். கொங்குப் பண்பாட்டையே கிழிச்சுப்போட்டாங்க” என்றார் பாக்கியசாமி, நாற்காலியில் உட்காரும் முன்பே.

துப்பறிவாளர் உம்மல் குல்சும் அவருக்குத் தண்ணீர் ஊற்றிக் கொடுத்தார். கிழிந்தது ஒரு தப்பட்டை என்று புரிய உதவியாளர் கிறிஸ்டோவுக்குச் சற்று நேரம் பிடித்தது.

சிங்காநல்லூரில் பாக்கியசாமி ஒரு மியூசிக் பார் நடத்தினார். சனிக்கிழமைதோறும் அங்கே தப்பட்டை அடித்த கருப்புசாமி போன வருடம் இறந்துபோனார். பாரிலேயே இருந்த அவருடைய தப்பட்டையைப் பாக்கியசாமி கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டினார். அதற்காக அவருக்குப் ‘பண்பாட்டுக் காவலர்’ பட்டம் தரப்போகிறார்கள். பேனர் வைத்தாயிற்று. அதில் தப்பட்டை சுண்டைக்காய் அளவு. அவர் முகம் லாரிச் சக்கரம் அளவு.

“கருப்பண்ணன் மக இளவேனில் மேலதானுங்க சந்தேகம். நாளைக்கு அவங்கப்பனுக்கு வருசத் தெவசம். சமாதியில ஒருக்கா அடிக்கோணும், குடுங்கன்னு வந்து வந்து கேட்டுது. பாதுகாக்கற பொருளக் குடுக்க முடியுங்களா? மாட்டேன்னுபோட்டேன். நீங்க உறுதியாச் சொன்னா போலீசுக்குப் போயிருவேன்.”

“அந்தப் பொண்ணுக்கு என்ன வேலைங்க?”

“பள்ளிக்கூடத்துல டெம்பரரி டீச்சருங்க.”

கேஸ் என்று வந்தால் அந்த வேலை என்னாகும் என்று மூவருக்கும் தெரியும்.

பார் காலியாக இருந்தது. மஞ்சள் வெளிச்சத்தில் பெட்டி ஜொலித்தது. தப்பட்டையின் தோல் மேல் விளிம்பிலிருந்து கோணல்மாணலாகப் பிளந்திருந்தது. அதற்குப் போட்ட பிளாஸ்டிக் மாலை ஒரு பக்கம் இளகித் தொங்கியது.

“கத்திதான் மேடம். கள்ளச்சாவி” என்றான் கிறிஸ்டோ.

குல்சும் பூட்டைக் காட்டினார். சாவித் துவாரத்தின் மேல் பூச்சிக்கூடு காய்ந்திருந்தது. பிறகு கண்ணாடியைத் தொட்டவர் சட்டென்று கையை எடுத்துக்கொண்டார்.

“இந்த லைட்டை எப்ப அணைப்பீங்க?”

“அணைக்கறதே இல்லீங்க. அடிக்கறதுக்கு முன்னாடி கருப்பண்ணன் தீயில காட்டிக் காய்ச்சுவாரு. எப்பவும் காஞ்சே இருக்கட்டும்னு பெட்டிக்குள்ள பெரிய பல்பாப் போட்டேன்.” அதைச் சொல்லும்போது அவர் முகத்தில் பெருமை.

குல்சும் இளவேனிலை வரவழைத்தார். அவள் வந்து, உட்காராமல் நின்றாள்.

“பெட்டியை ஒரு வருசமா யாரும் தெறக்கலைங்க. தெறந்திருந்தா அந்தக் கூடு உடைஞ்சிருக்கும்” என்றார் குல்சும். “கத்தி பட்டிருந்தா நேர்க்கோடா இருக்கும். இது பல்புக்கு நேர் கீழே பிளந்திருக்குது. மாலையும் அதே பக்கம்தான் இளகியிருக்குது. காய்ச்சின தோலை அடிச்சு முடிச்சு ஆற விட்டிருவாங்க. நீங்க ஆற விடவே இல்லை.”

பாக்கியசாமி பட்டத்துக்கென்று தைத்த ஜிப்பாவின் பித்தானைத் திருகினார். “நல்லதுக்குத்தானுங்க செஞ்சேன்” என்றார். பிறகு இளவேனில் பக்கம் திரும்பி, “புதுசா ஒண்ணு வாங்கித் தாரேன் கண்ணு.”

“வேண்டாமுங்கண்ணா. இதையே குடுங்க.”

சாவியைத் தேடினார்கள், கிடைக்கவில்லை. கடைசியில் கிறிஸ்டோதான் பூட்டை உடைத்தான்.

அவள் தப்பட்டையைக் காதருகே வைத்து, பிளக்காத ஓரத்தில் விரலால் தட்டிப் பார்த்தாள். அடிக்கும் முன் அவள் அப்பா செய்வது அது. அவர் முகம் மலர்ந்த பிறகுதான் பாரில் கைத்தட்டல் தொடங்கும். அவள் மறுபடியும் தட்டினாள். பிறகு, அதைத் துப்பட்டாவில் சுற்றிக்கொண்டு வெளியே போனாள்.

“விழாவுக்குப் பெட்டியில என்னத்த வெக்கறதுங்க?” என்றார் பாக்கியசாமி, மெல்ல.

கிறிஸ்டோ சுவரில் சுவிட்சைத் தேடி விளக்கை அணைத்தான். கண்ணாடி வெகுநேரம் சுட்டுக்கொண்டே இருந்தது.