மூன்று பிரதிகள் வாங்கியவன்

“மூணையும் குடுத்துடுங்க.”

குரல் கேட்டு நோரீன் திரும்பினாள். வெளியே டுலூத் நகரத்து மழை, ஏரிப் பக்கமிருந்து சாய்ந்து சாய்ந்து அடித்துக்கொண்டிருந்தது. அதற்கு ஒதுங்கத்தான் அந்தப் பழைய புத்தகக் கடைக்குள் நுழைந்திருந்தாள். கல்லாவின் முன் நின்ற உயரமானவன் கையில்... அவளுடைய புத்தகம்! பத்து வருடங்களுக்கு முன் வந்த, அவளுடைய ஒரே கவிதைத் தொகுப்பு.

ஒன்று விற்றாலே அதிசயம். மூன்றா?

“கவிதைப் புத்தகம் மூணு எதுக்குங்க? ஆடுற மேசைக்கு முட்டுக் கொடுக்கவா?” என்று கேட்டே விட்டாள்.

அவன் நிமிர்ந்தான். இமைகளில் மழைத்துளி. மழை விடப்போகும் நேரத்து ஏரியைப் போல, சாம்பலும் நீலமுமாய்க் கண்கள்... பின்னட்டைப் படத்தில் இருந்தவளையே எதிரில் கண்டதும் அவை ஒரு கணம் திடுக்கிட்டன.

“நோரீன் காஸ்கி... நீங்களா?”

“நானேதான். நீங்க?”

“வெஸ்லி.”

வெறும் வெஸ்லி. குடும்பப் பெயரை விழுங்கிவிட்டான். “காபி குடிக்கலாமா?” என்று மட்டும் கேட்டான்.

ஓகோ... அப்படியா சங்கதி! ‘வடகரை’ என்ற சிறு கவிதை இதழுக்கு எட்டு வருடமாக ஆசிரியை அவள். பிரசுரத்துக்கு அலையும் ஆண்களை நன்றாகத் தெரியும். முதல் காபியில் உங்கள் கண்கள் அழகு என்பார்கள். இரண்டாவது காபியில் பையிலிருந்து கவிதைக் கட்டு வெளியே வரும். கையும் களவுமாகப் பிடிக்கலாம் என்றே கூடப் போனாள்.

இரண்டாவது காபியும் ஆறியது. கட்டு வரவில்லை. அதுவே அவளை இன்னும் உறுத்தியது.

“உங்க அப்பா இரும்புத்தாது ஏத்துற கப்பல்ல இருந்தார்ல? பள்ளிக்கூட பஸ் ஓட்டிக்கிட்டே கவிதை எழுதினீங்கல்ல?”

“என்னை வேவு பாக்குறீங்களா?”

“எல்லாம் புத்தகத்துலயே இருக்கேங்க!”

அதன் பிறகு ஒவ்வொரு சனிக்கிழமையும் இரண்டரை மணி நேரத் தொலைவிலுள்ள மினியாபொலிஸிலிருந்து வண்டி ஓட்டிக்கொண்டு வந்தான். அந்தப் பக்கத்து ஏரிகளில் விளையும் காட்டரிசியில் செய்த சூப்பை ஊதி ஊதிக் குடித்தான். அவள் சிரித்தால் பேச்சை மறந்தான். இவன் எதையோ மறைக்கிறான் என்று மூளை சொல்லிக்கொண்டே இருந்தது. மனசோ வெள்ளிக்கிழமையே தலை சீவிக்கொள்ளத் தொடங்கியிருந்தது...

ஒருநாள் நேராகவே கேட்டாள். “உங்க முழுப் பேர் என்ன?”

அவன் கரண்டியைக் கீழே வைத்தான். “டபிள்யூ. ஆர். ஹார்கின்.”

அந்தப் பெயர்! ‘கதவைத் தாழிட்டுக்கொண்டு எழுதுகிறவர்’ என்று அவள் தொகுப்பைக் கிழித்து விமர்சனம் எழுதியவன். அன்றிலிருந்து அவள் தனக்கென ஒரு வரி எழுதவில்லை. அடுத்தவர் வரிகளைத் திருத்தியே காலம் போயிற்று.

“அப்போ மூணு வாங்குனது... ஊர்ல ஒண்ணுகூட மிஞ்சக் கூடாதுன்னா?”

“இல்ல நோரீன். அப்போ எனக்கு இருபத்தஞ்சு வயசு. புத்திசாலின்னு காட்டிக்கணும். பாதிதான் படிச்சேன். போன வருஷம்தான் முழுசாப் படிச்சேன்... ராத்திரி தூக்கம் வரல. அதுக்கப்புறம் எங்க கண்டாலும் வாங்கி, படிக்கத் தெரிஞ்சவங்ககிட்ட குடுக்கறேன்.”

“பாதி படிச்சுட்டுத்தான் என் பத்து வருஷத்தை எடுத்துக்கிட்டீங்களா?”

அன்றும் பெய்துகொண்டிருந்த மழைக்குள் இறங்கி நடந்தாள். பிறகு அவன் அழைத்த எந்த அழைப்பையும் எடுக்கவில்லை. ஆனால் கோபம் சும்மா இருக்க விடவில்லை. ஒரு காலை அடுப்படியில் நின்றபடியே எழுத ஆரம்பித்தாள். காபி பொங்கி வழிந்தது... கவிதையும்தான்.

வசந்தத்தில், நகர நூலகத்தில் அதை வாசித்தாள். கடைசி வரிசைக்குப் பின்னால், சுவரோடு சுவராக வெஸ்லி நின்றிருந்தான். கைதட்டல் ஓய்ந்ததும் நேராக அவனிடம் போனாள்.

“எப்படி இருந்துச்சு?”

“அழவெச்சுட்டீங்க. ஆனா... அந்த மூணாவது வரி வேண்டாம்.”

அவளை மீறிச் சிரிப்பு வந்தது. வெறுமனே புகழ்ந்திருந்தால் நம்பியிருக்கவே மாட்டாள்! அந்த வரியை அவளே மேடையேறும்வரை அடிப்பதா விடுவதா என்று தவித்திருந்தாள்.

“நோரீன்... நான் உங்களைக் காதலிக்கிறேன். முன்னாடியே சொல்லியிருப்பேன். பேரை மறைச்சுக்கிட்டு அதைச் சொல்ல வாய் வரல.”

அவன் சட்டைப் பொத்தானையே பார்த்தபடி மெதுவாகச் சொன்னாள். “நானும்தான்... ஆனா ஒரு சந்தேகம் மட்டும் இருக்கு வெஸ்லி.”

“என்ன?”

“நாளைக்கும் நீ வருவியான்னு.”

அந்த ‘நீ’யில் அவன் முகமே மலர்ந்தது. ஆனாலும் இல்லையென்று தலையை ஆட்டினான்.

“வரமாட்டேன்.”

அவள் முகம் வாடியது.

“இன்னைக்குப் போனாத்தானே நாளைக்கு வரணும்?”