மஞ்சள் விளக்கடியில் ஒரு நீலப் புடவை

கலைமணி வீட்டுச் சீர் எந்தத் தெருமுனையிலும் நின்றது கிடையாது. அன்றைக்கு நின்றது. நிறுத்தியது ஒரு புடவை.

கலைமணியின் அக்கா புவனேஸ்வரி அரியலூரில் வாழ்க்கைப்பட்டவள். அவளுடைய சின்ன மகள் கீதாஞ்சலிக்கு மறுநாள் காதுகுத்து. தாய்மாமன் வீட்டுச் சீர் முதல்நாளே வந்து சேர வேண்டும். அதற்காகத்தான் பெரம்பலூரிலிருந்து ஒரு வேன் நிறையத் தட்டுகளோடு எல்லோரும் கிளம்பினார்கள்.

கிளம்பும்போது நல்ல வெயில். பாதி வழியில் சுண்ணாம்புக்கல் லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாக நின்றுவிட்டன. முன்னால் ஒரு லாரி பஞ்சராம். வேனும் நின்றது. வெயில் போனது, பொழுது சாய்ந்தது, ரோட்டோர டீக்கடையில் விளக்கும் போட்டுவிட்டார்கள்.

கலைமணியின் மகள் சண்முகப்பிரியா ஏழாம் வகுப்பு படிக்கிறாள். அவள் ஜன்னலோரம் உட்கார்ந்து, ஒரு செருப்பு டப்பாவைக் கண்ணில் ஒட்டிவைத்து டீக்கடை விளக்கைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

டிரைவர் செல்லமுத்து திரும்பிப் பார்த்தார். "என்ன பாப்பா, டப்பாக்குள்ள அப்படி எட்டிப் பாக்குற? செருப்பு உள்ளேயே தங்கிடுச்சா?"

"செருப்பு என் கால்ல இருக்குண்ணே. இது நிறமாலைகாட்டி."

"மாலையா? சீர்த்தட்டுல வைக்கிறதுக்கா?"

பிரியா சிரித்துவிட்டாள். "இல்லண்ணே. வெள்ளையா தெரியுற வெளிச்சத்துல நிறைய நிறம் கலந்திருக்கு. அதைப் பிரிச்சு வரிசையா வச்சா அதுக்குப் பேரு நிறமாலை. இந்தப் பக்கம் மெல்லிசா ஒரு கீறல். உள்ள ஒரு பழைய சிடித் துண்டு. கீறல் வழியா வர்ற வெளிச்சத்தை சிடி பிரிச்சுக் காட்டும். எந்த விளக்குல எந்த நிறம் இருக்கு, எது இல்லைன்னு கண்டுபிடிச்சுடலாம். அந்தப் படிப்புக்கே நிறமாலையியல்னு பேரு. நட்சத்திரத்துல என்ன இருக்குன்னுகூட இப்படித்தான் கண்டுபிடிக்கிறாங்களாம். அனுசுயா டீச்சர் சொன்னாங்க."

செல்லமுத்து டப்பாவை வாங்கிப் பார்த்தார். "அடேயப்பா! வானவில்லை நறுக்கி உள்ள போட்டிருக்க!"

"சூரியனை மட்டும் இதுல பாத்துடாதீங்க. கண்ணு போயிடும்."

"சூரியன் எங்க பாப்பா இருக்கு? அதுதான் நம்மளை விட்டுட்டுப் போயிடுச்சே" என்றபடி செல்லமுத்து வண்டியைக் கிளப்பினார். லாரிகள் நகரத் தொடங்கியிருந்தன.

பிரியாவின் அத்தை புவனேஸ்வரி வீட்டுத் தெருமுனையில் மேளக்காரர்கள் காத்திருந்தார்கள். தெரு முழுக்கப் புது வெள்ளை விளக்குகள். ஆனால் முனையில் இருந்த கம்பத்தில் மட்டும் பழைய மஞ்சள் சோடியம் விளக்கு. அதன் அடியில்தான் சீரை எதிர்கொண்டு அழைப்பது வழக்கம்.

அழைக்க முன்வரிசையில் நின்றவர் ராசாங்கம். அத்தையின் கணவருக்கு அண்ணன். பிரியாவுக்குப் பெரிய மாமா. சிமெண்ட் ஆலையில் வேலை பார்க்கிறவர். மடிப்புக் கலையாத வேட்டி, முறுக்கிய மீசை. அவர் தலையசைத்தால்தான் அந்த வீட்டில் உப்புகூடக் கரையும்.

தட்டுகள் வரிசையாக இறங்கின. பழம், வெற்றிலை, கீதாஞ்சலிக்குப் பட்டுப்பாவாடை. கடைசியாகப் பிரியாவின் கையில் அத்தைக்கான பட்டுப்புடவை. கடை கடையாக ஏறி இறங்கி அவளே தேர்ந்தெடுத்தது. அத்தைக்கு நீலம் என்றால் உயிர். பேனா மை போல ஆழமான நீலம், ஓரத்தில் சரிகை.

மேளம் கொட்டியது. ராசாங்கம் ஒவ்வொரு தட்டாகப் பார்த்துக்கொண்டே வந்தார். பிரியாவின் தட்டருகே வந்ததும் கையை உயர்த்தினார். மேளம் நின்றது.

"என்ன மாப்ளே இது?"

கலைமணி முன்னால் வந்தார். "அக்காவுக்குப் புடவைங்க மச்சான்."

"புடவைன்னு தெரியுது. என்ன நிறம்?"

கலைமணி புடவையைப் பார்த்தார். கூட்டமே எட்டிப் பார்த்தது. மஞ்சள் வெளிச்சத்தில் அந்தப் பட்டு கரிக்கட்டை மாதிரி கறுப்பாக இருந்தது.

"நல்ல காரியத்துக்குக் கறுப்புப் புடவையா?" ராசாங்கத்தின் குரல் தெருக்கோடி வரைக்கும் கேட்டது. "பெரம்பலூர்ல வேற கலரே கிடைக்கலையா? இல்ல, இவங்களுக்கு இது போதும்னு நினைச்சுட்டீங்களா?"

"அது நீலம், பெரிய மாமா" என்றாள் பிரியா.

"எனக்கு என்ன கண்ணு அவிஞ்சா போச்சு?"

செல்லமுத்து ஓடிவந்து செல்போன் விளக்கைப் புடவையில் அடித்தார். "பாருங்க சார், நீலம்!"

"செல்போன் லைட்டு என் வெள்ளை வேட்டியையே நீலமாத்தான் காட்டும். அணைய்யா அதை. இந்தக் கம்பம் நான் சின்னப் பையனா இருந்தப்ப நட்டது. இந்த வெளிச்சம் பொய் சொல்லாது."

"அப்ப வூட்டு வாசல்ல வச்சுப் பாக்கலாமே?" என்றாள் பிரியாவின் அம்மா.

"கறுப்பு இந்தக் கம்பத்தைத் தாண்டாதும்மா. ஒரு அடிகூட."

சத்தம் கேட்டு அத்தை ஓடிவந்தாள். புடவையைப் பார்த்தாள். முகம் வாடிவிட்டது. ஒரு பக்கம் பிறந்த வீடு, ஒரு பக்கம் புகுந்த வீடு. நடுவில் நின்று முந்தானையைக் கசக்கினாள்.

அக்காவின் கண் கலங்கியதைக் கலைமணியால் பார்க்க முடியவில்லை. மகளிடம் தாழ்ந்த குரலில் சொன்னார். "தட்டைக் குடு பிரியா. வேன்ல வச்சுடுவோம். காலையில இங்கேயே வேற எடுத்துக்கலாம்."

பிரியா தட்டை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"தர மாட்டேன்பா."

"பிரியா!"

"இதை வேன்ல வச்சா நாம கறுப்புதான் கொண்டாந்தோம்னு ஆயிடும். அப்புறம் எத்தனை புடவை எடுத்தாலும் அந்தப் பேச்சு போகாது. நாம கொண்டாந்தது நீலம். இது உள்ள போகும். இல்லன்னா நானும் இங்கேயே நிப்பேன்."

"அம்மாடி, என்ன வாய்!" என்று கூட்டத்தில் ஒரு பெண் கன்னத்தில் கை வைத்தாள்.

பிரியா நகரவில்லை. தலையை நிமிர்த்தி அந்தக் கம்பத்தைப் பார்த்தாள். கடையில், பகல் வெளிச்சத்தில், இது நீலம். செல்போன் வெளிச்சத்திலும் நீலம். இங்கே மட்டும் ஏன் இப்படி?

"அண்ணே, என் டப்பாவை எடுத்தாங்க."

செல்லமுத்து எடுத்துவந்து அவள் கண்ணருகே பிடித்தார். தட்டைக் கீழே வைக்காமலே அவள் விளக்கைப் பார்த்தாள்.

மஞ்சளும் ஆரஞ்சும் தடித்த பட்டையாக எரிந்தன. பக்கத்தில் கொஞ்சம் சிவப்பு. பச்சை ஒரு நூல் அளவு. அதற்கு அப்பால் நீலம் இருக்க வேண்டிய இடம்? கிட்டத்தட்ட இருட்டு.

பிரியாவின் முகத்தில் மெல்ல ஒரு சிரிப்பு வந்தது.

"பெரிய மாமா, இந்த விளக்குகிட்ட நீலமே இல்ல."

"என்னது?"

"நீலத் துணி நீல வெளிச்சத்தைத்தான் நம்ம கண்ணுக்குத் திருப்பி அனுப்பும். மத்த நிறத்தையெல்லாம் முழுங்கிடும். ஒருத்தர் பந்து போட்டாதானே இன்னொருத்தர் திருப்பிப் போட முடியும்? இந்த விளக்கு நீலத்தைப் போடவே இல்ல. அப்ப புடவை எதைத் திருப்பும்? அதான் கறுப்பாத் தெரியுது."

ராசாங்கம் கடகடவென்று சிரித்தார். "எங்க ஆலையில லேப் இருக்கு. சுண்ணாம்புக்கல்லுல என்னென்ன கலந்திருக்குன்னு அங்க ஸ்பெக்ட்ரோமீட்டர்ல பாக்குறாங்க. ரூம் அளவு மெஷின், ஏசி போட்டு வச்சிருக்காங்க. நீ செருப்பு டப்பாவைத் தூக்கிட்டு வந்து எனக்குப் பாடம் எடுக்குறியா?"

"அதுக்குத் தமிழ்ல நிறமாலைமானின்னு பேரு, பெரிய மாமா. இது அதோட தங்கச்சி. கொஞ்சம் ஏழைத் தங்கச்சி. ஆனா பொய் சொல்லாது."

கூட்டத்தில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். ராசாங்கத்தின் மீசை துடித்தது.

பிரியா யோசித்தாள். தான் சொல்வது உண்மையென்றால், இந்த விளக்கடியில் எந்த நீலமும் நீலமாக இருக்கக் கூடாது. புடவை மட்டுமல்ல, எல்லாமே. எல்லோருக்கும் தெரிந்த நீலம் ஒன்று வேண்டுமே. சுற்றும் முற்றும் பார்த்தாள். கம்பத்தில் சாய்ந்தாற்போல ஒரு ஸ்கூட்டர் நின்றது.

"அது யாரு வண்டி?"

"என் வண்டி. ஏன்?" என்றார் ராசாங்கம்.

"என்ன கலருங்க?"

"ஊருக்கே தெரியும். நீலம். இந்தக் கலர்தான் வேணும்னு சொல்லி, ஷோரூம்காரன் வரவழைச்சுக் குடுத்தான். தினம் நானே துடைக்கிறேன், எனக்குத் தெரியாதா?"

"இப்பக் கொஞ்சம் பாருங்க."

எல்லாத் தலைகளும் ஒரே நேரத்தில் திரும்பின. ஸ்கூட்டர் மஞ்சள் வெளிச்சத்தில் பளபளத்தது. கறுப்பாக.

"கறுப்பு வண்டியில வந்தா பெரிய மாமா எங்களை வரவேற்கிறீங்க?" என்றாள் பிரியா.

தவில்காரர் சிரிப்பை அடக்க முடியாமல் தவிலின்மேல் கவிழ்ந்துகொண்டார். கலைமணிக்கும் சிரிப்பு வந்தது. ஆனாலும், "பெரியவங்ககிட்ட அப்படிப் பேசக் கூடாது" என்று அதட்டி வைத்தார்.

ராசாங்கம் வண்டியிடம் போனார். குனிந்து பார்த்தார். கையால் தடவிப் பார்த்தார். தடவினால் நீலம் வந்துவிடும் என்று நினைத்தாரோ என்னவோ. பிறகு திரும்பி வந்து கையை நீட்டினார்.

"குடு அந்த டப்பாவை."

வாங்கிக் கண்ணில் வைத்தார். "ஒண்ணுமே தெரியல. இருட்டா இருக்கு."

"திருப்பிப் பிடிங்க மாமா. அது பின்பக்கம்."

திருப்பிப் பிடித்தார். நெடுநேரம் பார்த்தார். "மஞ்சள் இருக்கு. ஆரஞ்சு இருக்கு. இங்க கொஞ்சம் பச்சை." இன்னும் கொஞ்சம் குனிந்தார். "நீலம் எங்க?"

"அதைத்தான் நானும் தேடினேன்."

ராசாங்கம் டப்பாவோடு தெருவுக்குள் நடந்தார். முதல் வெள்ளை விளக்கின் கீழே நின்று, டப்பாவைத் தூக்கிப் பார்த்தார். "இதுல இருக்கு!" என்று அங்கிருந்தே கத்தினார். "பட்டையா, பளிச்சுன்னு நிக்குது!"

திரும்பி வரும்போது அவருடைய நடை கொஞ்சம் மெதுவாக இருந்தது.

"சரி, சரி. தட்டை உள்ள கொண்டுபோங்க" என்றார், யாரையும் பார்க்காமல்.

தட்டுகள் கிளம்பின. "நில்லுங்க" என்றார் கலைமணி. அவருடைய முதுகு இப்போது நேராக நிமிர்ந்திருந்தது.

"மச்சான், நீங்க மேளத்தை நிறுத்தி, ஊர் பாக்க எங்க சீரை நிக்க வச்சீங்க. அது தானா உள்ள போகாது. எப்படி அழைக்கணுமோ அப்படி அழைச்சாதான் வருவோம். இல்லன்னா வேன் இங்கேயேதான் நிக்குது."

அத்தை தம்பியைப் பார்த்தாள். பிறகு கணவரின் அண்ணனைப் பார்த்தாள். இந்தத் தடவை அவள் முந்தானையைக் கசக்கவில்லை. நடந்துபோய்த் தம்பியின் பக்கத்தில் நின்றுகொண்டாள்.

ராசாங்கம் மீசையைத் தடவினார். வேட்டியைச் சரிசெய்தார். எத்தனையோ விசேஷங்களை நின்று நடத்தியவர். முறை தெரியாதவர் இல்லை. இரண்டு கையையும் கூப்பினார்.

"வாங்க மாப்ளே. வாம்மா தங்கச்சி. எல்லாரும் வாங்க." பிறகு பிரியாவிடம் குனிந்தார். "நீயும் வா தாயீ. நீதான் முன்னால நடக்கணும். அந்தப் புடவை முதல்ல போகட்டும்."

மேளம் கொட்டியது. பிரியா கம்பத்தைத் தாண்டினாள். வெள்ளை விளக்குகளின் கீழே போனதும் அவள் கையிலிருந்த பட்டு பேனா மை நீலமாக விரிந்தது. "அய்யோ, எவ்வளவு அழகு!" என்று பெண்கள் சுற்றிக்கொண்டார்கள்.

அத்தைக்குப் பொறுக்கவில்லை. மறுநாள் வரைக்கும் காத்திருக்காமல் அப்போதே உள்ளே போய்ப் புடவையைக் கட்டிக்கொண்டு வந்தாள். போட்டோக்காரர் பந்தலுக்குக் கீழே நாற்காலி போட்டார்.

"இங்க வேண்டாம்" என்றாள் அத்தை. "தெருமுனைக்கு வாங்க எல்லாரும்."

"அக்கா, அந்த மஞ்ச லைட்டுலயா? புடவை கறுப்பா விழுந்துடுமே!" என்றார் போட்டோக்காரர்.

"விழட்டும். என் தம்பி வூட்டுச் சீரை எங்க நிறுத்தினாங்களோ, அங்கதான் நான் இதைக் கட்டிக்கிட்டு நிக்கப்போறேன். எடுங்க."

அந்தப் படம் இப்போது அத்தை வீட்டுக் கூடத்தில் மாட்டியிருக்கிறது. எல்லோருடைய முகமும் மஞ்சள். புடவை கறுப்பு. வருகிற விருந்தாளிகள் யாராவது, "என்னங்க, காதுகுத்துக்குக் கறுப்புப் புடவையா கட்டினீங்க?" என்று கேட்டுவிடுவார்கள்.

அத்தை வாயே திறப்பதில்லை. ராசாங்கம்தான் பேப்பரைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வருவார்.

"கறுப்புன்னு எவன் சொன்னது? அது நீலம்யா, நீலம்! உக்காருங்க, சொல்றேன்."