ஒரே கல்லின் மிச்சம்

குட்டியின் கட்டில் நகர்ந்திருந்தது. மதியம் மகளுக்கு ஊட்டிவிட்டு அவள் எழுந்தபோது அது சன்னலை ஒட்டிக் கிடந்தது. இப்போது எதிர்ச் சுவரோடு ஒட்டி நின்றது.

"நீ தள்ளினியா?"

"இல்லம்மா. அதுவாப் போகுது."

குட்டியின் முறிந்த கை கட்டோடு சுவரில் பதிந்திருந்தது. அவள் கட்டிலைத் திரும்ப இழுத்துப் போட்டாள். சின்னப் பிள்ளையின் கட்டிலுக்கு என்ன கனம் இருந்துவிடப் போகிறது, ஆனால் அவளுக்கு மூச்சு வாங்கியது. ஊருக்கெல்லாம் மட்டம் பார்த்துத் தரை போடுகிற கொத்தனாரின் வீட்டில் தரை கோணலாக இருப்பது அதிசயமா என்று தனக்குத்தானே சிரித்துக்கொண்டாள்.

சிரிப்பு நிலைக்கவில்லை. மழைக்கு அடைத்த அறைக்குள் நனைந்த இரும்பு மாதிரி ஒரு வாடை சுற்றிக்கொண்டிருந்தது, எலும்பு வைத்தியரின் அரைக்கும் கூடத்தில் நாள் முழுக்க அவள் உடம்பில் ஏறுகிற அதே கூடுகல் வாடை. உடைத்தால் மறுபடி ஒன்றாகத் தவிக்கிற கல் அது. தச்சர்கள் கதவுப் பொருத்தில் வைப்பார்கள், படகு கட்டுகிறவர்கள் பலகை இடுக்கில் பூசுவார்கள். முறிந்த இடத்தில் குழைத்துப் பூசினால் தோலுக்குள் இறங்கி, துகளும் துகளும் ஒன்றையொன்று தேடி நெருங்கும்போது எலும்பையும் சேர்த்து இழுத்து வந்துவிடும். கூடத்தில் ஒரே சட்டம்தான்: ஒரு கல், ஒரு உடம்பு. மிச்சத்தைச் சூளையில் போட்டுச் சாகடித்துவிட வேண்டும்.

அவள் போடவில்லை. சாரத்திலிருந்து விழுந்து தொடை முறிந்த கணவனுக்கு அரைத்த கல்லில் பாதி மிஞ்சியது. ஒரு பிடி பொடிக்குத் தோள்பட்டை என்ன பாடுபடும் என்று அரைக்கிறவளுக்குத்தானே தெரியும்! வீணாக்க மனசு வராமல் டப்பாவில் போட்டு வைத்தாள். அடுத்த வாரமே குட்டி படியில் உருண்டாள். கூடத்தில் கல் இல்லை, வைத்தியர் வெளியூரில், பிள்ளையோ துடிக்கிறாள். பெற்ற வயிறு சட்டம் பார்க்குமா? எடுத்துப் பூசிவிட்டாள். கை சீக்கிரமே கூடியது என்று பெருமைகூடப் பட்டாள்.

சுவருக்குள் ஏதோ அரைபட்டது. தூக்கத்தில் பல்லைக் கடிப்பது போல மெதுவாக, விட்டு விட்டு. சுவருக்கு அந்தப் பக்கம்தான் கணவனின் அறை.

ஓடினாள். அவருடைய கட்டிலும் அதே சுவரை ஒட்டி வந்திருந்தது. அவர் இரண்டு கையாலும் கதவு நிலையைப் பிடித்திருந்தார். கட்டுப் போட்ட தொடை சுவரில் புதைந்திருந்தது, சுற்றிலும் காரை பெயர்ந்திருந்தது.

"என்னங்க இது? எப்பலேருந்து?"

"காலையிலேருந்து இழுக்குது. உனக்கு எதுக்குக் கலவரம்னு சொல்லல." முகமெல்லாம் வேர்த்திருந்தது. "குட்டிக்கு எந்தக் கல்லை வெச்சே?"

அவள் முகத்தைப் பார்த்ததுமே அவருக்குப் புரிந்துவிட்டது.

அந்தப் பக்கம் குட்டி அலறினாள்.

திரும்ப ஓடினாள். பிள்ளை சுவரில் தொங்கிக்கொண்டிருந்தாள். கட்டு கிழிந்திருந்தது. விரல்கள் நீலமாகியிருந்தன. இடுப்பைப் பிடித்து இழுத்தாள், தோளில் ஏதோ 'மளுக்'கென்றது, இன்னும் பெரிதாக ஓர் அலறல். விட்டுவிட்டாள். செங்கல்லுக்குள் விரிசல் ஓடியது.

"ரம்பத்தை எடுத்துட்டு வா!" சுவரைத் தாண்டி அவர் கத்தினார். "என் காலை வெட்டு! அவ கையத் தொடாதே, என் காலை வெட்டு!"

தலைக்கு மேலே வெள்ளம் போனால் சாண் என்ன, முழம் என்ன. ரம்பம் எடுத்தாள். தொடைக்கு மேலே இடுப்புவாரை இறுக்கினாள். அவர் தலையணையைக் கடித்துக்கொண்டு கண்ணை மூடினார்.

அறுத்தாள்.

தோல் விட்டது. சதை விட்டது. சூடாக முகத்தில் அடித்தது. எலும்பில் ரம்பம் சிக்கியது. உருவினாள். மறுபடி அறுத்தாள். அவர் நெஞ்சுக்குள்ளிருந்து மாடு மாதிரி ஒரு சத்தம். "இன்னும் கொஞ்சம்தாங்க, இன்னும் கொஞ்சம்." யாருக்குச் சொன்னாளோ. கை வழுக்கியது. சேலையில் துடைத்தாள். அறுத்தாள்.

விட்டது.

ஒரு நொடி எல்லாம் அடங்கியது. அப்பாடா என்று இருந்தது. பிறகுதான் உறைத்தது. இத்தனை நேரமும் அந்தக் காலைப் பிடித்து நிறுத்தியிருந்தது இந்த மனுஷனின் கனம்தான். இப்போது காலைப் பிடிக்க ஆள் இல்லை.

கால் தானே போனது.

செங்கல் பிளந்தது. தொடை நுழைந்தது. முட்டி நுழைந்தது. கடைசியாகப் பாதம். அந்தப் பக்கம் குட்டி ஒரே ஒரு தடவை கத்தினாள்.

அப்புறம் சத்தமில்லை.

அவள் கதவு வழியாகப் போனாள். தூசிக்குள் ஒன்றும் தெரியவில்லை. தூசி இறங்கியது.

"அம்மா, வலி போயிடுச்சு."

குட்டி கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். கன்னத்தில் கண்ணீர் காய்ந்துகொண்டிருந்தது. முழங்கைக்குக் கீழே அவள் கை இல்லை. அங்கிருந்து அப்பாவின் கால் தொடங்கி, மடியில் கிடந்து, தரைவரை நீண்டிருந்தது. இரண்டு தோலும் சேருமிடத்தில், பிசைந்த மாவை விரலால் ஒட்டியது போல, கோடு மறைந்துகொண்டே வந்தது. இரத்தம்கூட நின்றுவிட்டது.

சுவர் ஓட்டைக்குள்ளிருந்து குரல் வந்தது, ரொம்பச் சன்னமாக.

"பிள்ளை கை... தப்பிச்சுதா?"

"தப்பிச்சுதுப்பா!" என்றாள் குட்டி. அம்மாவைப் பார்த்தாள். "விரலை அசைக்கிறேன், பாரேன்."

சுண்ணாம்பு படிந்த ஐந்து கால்விரல்களும் மெல்ல மடங்கின, விரிந்தன.