நான் சொல்லும்வரை பேசாதீர்கள்

மே 13, செவ்வாய்

இன்றைய தவறு: காலர் மைக்கைக் கழற்றி எடுக்காமல் வந்துவிட்டேன்.

ஒவ்வொரு நாள் குறிப்பையும் அன்று செய்த தவறிலிருந்து தொடங்க வேண்டும் என்பது மாலை வகுப்பில் ஒலிப்பதிவு ஆசிரியர் வைத்த விதி. பிறகு அது எப்படி நடந்தது என்று வரிசையாக எழுத வேண்டும். எழுதுகிறேன். எங்கேயாவது கூட்டிச் சொல்லியிருந்தால் அது என் பதற்றம்.

காலையில் பாரன்கியாவிலிருந்து கிளம்பி கடலோர ஊரான புவெர்த்தோ கொலம்பியாவுக்குப் போனோம். கார் ஓட்டியது என் முதலாளியம்மா இவோன். பின் சீட்டில் நான், மடியில் ஒலிப்பதிவுப் பை. உடைந்த கடற்பாலத்துக்குப் போகும் தெருவின் கடைசி வீடு. கதவைத் திறந்ததும் உப்பும் ஈரச் சுண்ணாம்பும் கலந்த வாடை அடித்தது. அதற்குள் எங்கிருந்தோ வாடிய பூவின் நாற்றமும் வந்தது. உள்ளே ஒரு பெண்ணின் படம், அதன் முன் தண்ணீர் வற்றிய கண்ணாடிக் குவளை.

படத்தில் இருந்தவள் லூதிஸ். பனிக்கட்டி வாங்கி வருகிறேன் என்று கார்னிவல் சனிக்கிழமை வெளியே போனவள், திரும்பவில்லை. இருபது வருடங்களுக்கு மேல் ஆகிறது. அவளுடைய அம்மா தோன்யா எல்சிதா எங்களுக்காக இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை அணிந்து, கழுத்துவரை பொத்தான் போட்டு உட்கார்ந்திருந்தார். மீன் பொரித்து வைத்திருந்தார்.

"சாப்டுட்டு ஆரம்பிக்கலாமே, தொக்தோரா," என்றார் இவோனிடம், படித்தவர்களை அழைக்கும் மரியாதையோடு.

"சாப்ட்டா குரல் மந்தமாயிடும்," என்றார் இவோன். "மொதல்ல வேலை."

ஜன்னல்களை மூடினேன். மின்விசிறியை நிறுத்தினேன். சட்டைக் காலரின் உள்பக்கம் மைக்கை ஒட்டி, சிறிய டிரான்ஸ்மிட்டரை உள்பாவாடைப் பையில் போட்டேன். இவோனுக்கு முதல் சேனல், தோன்யா எல்சிதாவுக்கு இரண்டாவது.

தோன்யா எல்சிதா நன்றாகத்தான் பேசினார். அதுதான் சிக்கல். போலீஸிடம், பாதிரியாரிடம், பத்திரிகைக்காரர்களிடம் சொல்லிச் சொல்லி அவருடைய சொற்கள் ஆற்றுக்கல் போல வழவழப்பாகியிருந்தன. அழவில்லை. தலைநகர் பொகோத்தாவில் எங்கள் பாட்காஸ்ட் தொடரை வாங்கும் நிறுவனம் தெளிவாகச் சொல்லிவிட்டது: அம்மாவின் அழுகை இல்லாமல் கடைசிப் பகுதி இல்லை, கடைசிப் பகுதி இல்லாமல் அடுத்த தொடரும் இல்லை. அந்தத் தொடரில்தான் தயாரிப்பாளர் என்று என் பெயரும் வருவதாக இருந்தது.

எந்தப் பேட்டி முடிந்தாலும் அந்த அறையின் வெறும் சத்தத்தைக் கொஞ்ச நேரம் பதிவு செய்வோம். பின்னால் வெட்டி ஒட்டும்போது இடைவெளிகளை நிரப்ப அது வேண்டும். அதுவரை யாரும் அசையக் கூடாது, பேசக் கூடாது. அமைதியைக் கேட்டவரே "போதும், நன்றி" என்று சொல்லி முடித்துவைப்பது தொழில் மரியாதை.

இவோனிடம் ஒரு வித்தை உண்டு. இருப்பதிலேயே கொடிய கேள்வியை அந்த அமைதிக்குச் சற்று முன்பு கேட்பார்.

"தோன்யா எல்சிதா, சாகறப்போ லூதிஸ் உங்களத்தான் கூப்பிட்டிருப்பா. எத்தன தடவ கூப்பிட்டிருப்பா?"

கிழவியின் வாய் திறந்தது.

இவோன் கையை உயர்த்தினார். "பதில் இப்ப வேணாம். இந்த அறையோட சத்தம் எடுக்கணும். நான் சொல்ற வரைக்கும் பேசாதீங்க, அசையாதீங்க. நடுவுல பேசுனீங்கன்னா எல்லாம் வீணாயிடும். லூதிஸ் கதை வெளிய வராது."

தோன்யா எல்சிதா வாயை மூடிக்கொண்டார். கைகள் முழங்கால்மேல். ஹெட்போனில் மூச்சு மட்டும் கேட்டது. அந்த மூச்சு எப்படிச் சிதறியது என்று என்னால் எழுத முடியவில்லை. இவோன் என்னைப் பார்த்துப் புன்னகைத்தார்.

அப்போது பொகோத்தாவிலிருந்து அழைப்பு வந்தது. இவோன் போனோடு வெளியே போய் காரில் ஏறி ஹார்ன் அடித்தார். நான் பையைச் சுருட்டிக்கொண்டு ஓடினேன். வாசலில் திரும்பிப் பார்த்தபோதும் தோன்யா எல்சிதா அசையாமல்தான் இருந்தார்.

பாதி வழியில்தான் மைக் நினைவுக்கு வந்தது.

"நாளைக்கு வாங்கிக்கலாம், புரொபசரம்மா," என்றார் இவோன். மாலை வகுப்புக்குப் போகிறேன் என்பதற்காக எனக்கு அவர் வைத்த பெயர் அது.

மே 14, புதன்

இன்றைய தவறு: மைக்கைக் கேட்கத்தான் போன் செய்தேன். அதையே முதலில் கேட்டேன்.

எடுத்தது தோன்யா எல்சிதாவின் அண்ணன் மகள் யதீரா.

"அத்தை செத்துட்டாங்க. நாற்காலியிலயே."

அவளே பேசினாள்.

"நேத்து சாயங்காலம் வந்தப்போ அப்டியேதான் உக்காந்திருந்தாங்க. வேர்த்து ஊத்துது. ஃபேன் போடப் போனேன், கண்ணாலயே வேணாம்னாங்க. தண்ணி குடுத்தேன், மாத்திரை குடுத்தேன். எதுக்கும் வாயத் தொறக்கல. உதட்டுல விரல வெச்சுக் காமிச்சாங்க. நீங்க என்ன சொல்லிட்டுப் போனீங்க?"

போனை மறு காதுக்கு மாற்றினேன்.

"காலைல வந்து பாத்தா உதட்டுல விரல் அப்டியே இருக்கு. கையக் கீழ எறக்கவே முடியல."

அடக்கம் இன்று மதியமே. அதே வெள்ளைச் சட்டையில். சட்டையைத் தொட யாருக்கும் துணிவில்லையாம்; காலரில் என் மைக்கும் அப்படியே.

இவோனிடம் சொன்னேன். அவர் காப்பியை ஊதிக்கொண்டிருந்தார்.

"அழுதிருந்தாளாமா?"

"என்ன?"

"மூஞ்சில கண்ணீர் காஞ்ச தடம் இருந்துச்சான்னு கேளு. இருந்தா யதீராவ வெச்சே கடைசிப் பகுதிய முடிச்சிரலாம்."

கேட்டேன். யதீரா போனை வைத்துவிட்டாள்.

மதியம் ஸ்டுடியோவில் பையைப் பிரித்துத் துடைத்து அடுக்கினேன். ரிசீவரைச் சோதிக்க இயக்கினேன். முதல் சேனலின் ஊசி படுத்திருந்தது.

இரண்டாவது சேனலின் ஊசி ஆடியது.

மெதுவாக ஏறி மெதுவாக இறங்கியது. மூச்சு போல.

மே 16, வெள்ளி

இன்றைய தவறு: இவோனிடம் காட்டினேன்.

அதற்கு முன் வகுப்பில் கேட்டுப் பார்த்தேன். இவ்வளவு சிறிய டிரான்ஸ்மிட்டர் தெருக்கோடியைக் கூடத் தாண்டாது, பேட்டரியும் அன்றிரவே தீர்ந்திருக்கும், வேறு யாருடைய மைக்கோ அதே அலைவரிசையில் வருகிறது என்றார் ஆசிரியர். ஹெட்போனைக் கொடுத்தேன். காதில் வைத்தவர் சற்று நேரத்தில் கழற்றி மேசைமேல் வைத்தார். அதன்பின் வகுப்பு முடியும்வரை என் பக்கம் திரும்பவில்லை.

அதில் கடலும் இல்லை, தெருவும் இல்லை. மூடிய, நெருக்கமான ஓர் இடம். மூச்சு துணியில் மோதி அங்கேயே திரும்புகிறது. சில சமயம் சிமெண்டில் நகம் உரசுவது போல ஒன்று.

இவோன் ரொம்ப நேரம் கேட்டார். அவர் முகத்தில் பயம் வருமென்று பார்த்திருந்தேன். வந்தது பசி.

வட்டார டிவியில் பிணவறை வாசலில் நின்று சொந்தக்காரர்களிடம் மைக் நீட்டியவர் அவர். பிறகு காணாமற்போன பெண்களைப் பற்றி டிவித் தொடர், அதற்குப் பின் பாட்காஸ்ட். விருதுகள் கழிவறை அலமாரியில் நிற்கின்றன. வேலைக்குச் சேர்ந்த அன்றே என்னிடம் சொன்னார்: "இந்தத் தொழில்ல ரெண்டே சாதி, புரொபசரம்மா. அழ வைக்கிறவ, அழுறவ. எதுன்னு நீயே முடிவு பண்ணிக்க."

"இவோன், நீங்க அவங்களுக்கு முடிச்சு வைக்கல," என்றேன் மெல்ல. "போதும்னு சொல்லிடுங்க. அதுக்குத்தான் காத்துக்கிட்டிருக்காங்க."

"சொன்னா?"

"போயிடுவாங்க."

"அதான் சொல்ல மாட்டேன்."

மாலைக்குள் அந்தச் சத்தத்தில் கொஞ்சம் பொகோத்தா போய்விட்டது. இரண்டு தொடர்கள், டிவி வடிவமும் உண்டு என்றார்கள். என் பெயரும் அப்படியே இருக்கிறது. இவோன் காட்டிய காகிதத்தில் இரண்டு முறை படித்துப் பார்த்தேன்.

மே 19, திங்கள்

இன்றைய தவறு எதுவென்று எனக்கு உறுதியாகத் தெரியவில்லை.

மறுபடியும் அந்த வீடு. சாவியை நிறுவனத்தின் வக்கீல் யதீராவிடமிருந்து எப்படி வாங்கினார் என்று நான் கேட்கவில்லை. மதிய வெயில். மின்சாரம் போயிருந்தது, தெருவே செத்துக் கிடந்தது. யாரும் எடுக்காத பொரித்த மீன் அடுக்களையில் இருந்தது. இவோன் மூக்கைப் பொத்திக்கொண்டு சிரித்தார்.

"கெழவி நமக்காக எடுத்து வெச்சிருக்கா பாரு."

தோன்யா எல்சிதாவின் நாற்காலியில் இவோன் உட்கார்ந்தார். முதல் சேனல் மைக்கை அவர் காலரில் மாட்டினேன். நான் அடுக்களையில், ரிசீவரும் ஹெட்போனுமாக. இடையில் ஒரு திரைச்சீலை.

ஜன்னல்களை மூடியதும் அறை இருண்டது.

"தோன்யா எல்சிதா," என்றார் இவோன், ஒலிபரப்புக் குரலில். "விட்ட எடத்துலேந்து ஆரம்பிக்கலாம். லூதிஸ் உங்கள எத்தன தடவ கூப்பிட்டா?"

இரண்டாவது சேனலின் மூச்சு நின்றது.

வெயிலில் கூரைத் தகடு முறியும் சத்தம். மீன் வாடைக்குள்ளிருந்து வாடிய பூவின் வாடை எழுந்து வந்தது.

"எண்ணிப் பாத்தீங்களா? இல்ல, எண்ணுறதுக்குப் பயமா?"

துணி உரசியது. என் இடது காதில், மிக அருகே.

"சொல்றேன், தொக்தோரா."

தோன்யா எல்சிதாவின் குரல்தான். நாள்கணக்கில் பேசாத தொண்டையின் குரல்.

"பதில் இப்ப வேணாம். மொதல்ல இந்த அறையோட சத்தம் வேணும். நான் சொல்ற வரைக்கும் பேசாதீங்க. அசையாதீங்க."

ஹெட்போன் மாட்டியிருந்தது நான் மட்டும்தான். அந்தக் குரல் இவோனுக்குக் கேட்டிருக்க வழியே இல்லை.

ஆனால் முதல் சேனலில் இவோன் ஏதோ சொல்லத் தொடங்கி, பாதிச் சொல்லில் நிறுத்தினார்.

பிறகு அவருடைய மூச்சு மட்டும்.

திரைச்சீலையை விலக்கினேன். கைகள் முழங்கால்மேல். முதுகு நேராக. வியர்வை நெற்றியிலிருந்து கண்ணுக்குள் வழிந்தது. இமைக்கவில்லை.

"இவோன்?"

கண்கள் மட்டும் என் பக்கம் திரும்பின. உணர்வு போன கண்கள் அல்ல. முழுக்க விழித்திருந்த கண்கள். அவற்றில் அவர் கத்திக்கொண்டிருந்தார்.

வலது கை மெல்ல எழுந்தது. விரல் உதட்டுக்குப் போனது.

மே 22, வியாழன்

இன்றைய தவறு: மருத்துவமனையில் நாற்காலியை இவோனுக்கு மிக அருகில் போட்டுவிட்டேன். அவர் பார்வையிலிருந்து தப்ப முடியவில்லை.

மருத்துவர்கள் எல்லாச் சோதனையும் செய்துவிட்டார்கள். மூளையிலும் தொண்டையிலும் ஒரு குறையும் இல்லை. தூங்குவதில்லை. குழாய் வழியே உணவு. படுக்க வைத்தால் எழுந்து முதுகை நேராக்கி உட்கார்ந்துவிடுகிறார். உதட்டிலிருந்து விரலை எடுக்க இரண்டு நர்ஸ்கள் சேர்ந்து இழுத்தார்கள். ஏதோ முறிந்த சத்தம் கேட்டது. விரல் திரும்ப அங்கேயே போனது.

என்ன செய்ய வேண்டும் என்று எனக்குத் தெரியும். அந்த வீட்டுக்குப் போய், அந்த நாற்காலியைப் பார்த்து, "போதும் தோன்யா எல்சிதா, நன்றி" என்று சொல்ல வேண்டும். அவர் போய்விடுவார். போகும்போது இவோனையும் விட்டுவிடுவார் என்றுதான் நினைக்கிறேன். நேற்று காலை பஸ் நிறுத்தம்வரை போனேன்.

அங்கே பொகோத்தாவிலிருந்து அழைப்பு வந்தது.

"யெரால்தின், கண்ணு," என்றது ஓர் இனிமையான குரல். "நடந்தத கேட்டு எங்களுக்கெல்லாம் நெஞ்சே ஒடஞ்சு போச்சு. தொடர் இனிமே இவோனப் பத்தினதுதான். சொல்லப் போறது உன் குரல். அந்தச் சேனல் இன்னும் ஓடுதில்ல?"

"ஓடுது."

"எதையும் தொடாத. அப்டியே இருக்கட்டும்."

புவெர்த்தோ கொலம்பியா பஸ் வந்தது. போயிற்று.

எனக்கு நானே சொல்லிக்கொள்வது இதுதான்: அமைதியைக் கேட்டது நான் அல்ல. கேட்டவரே முடித்துவைக்க வேண்டும் என்பது விதி. விதியை மீற எனக்கு என்ன உரிமை? இது சரியான வாதமா என்று வகுப்பில் கேட்கலாம். ஆனால் இந்த வாரம் வகுப்புக்குப் போகவில்லை.

மாலையில் ஸ்டுடியோவில் தனியாக இருந்தேன். இப்போது அது என் மேசை. ரிசீவரில் முதல் சேனலில் ஒரு மூச்சு, இரண்டாவதில் ஒரு மூச்சு. இவோனின் காலரிலிருந்து கழற்றிய மைக் என் முன்னால்தான் கிடக்கிறது, பேட்டரி இல்லாமல். இரண்டு மூச்சும் சேர்ந்து ஏறி, சேர்ந்து இறங்குகின்றன.

பையின் அடியில் மூன்றாவது மைக் ஒன்று இருக்கிறது. பழுது என்று எப்போதோ ஒதுக்கியது. நான் சேர்ந்த நாளிலிருந்து அதை யாருக்கும் மாட்டியதில்லை.

மூன்றாவது சேனலின் விளக்கு எரிந்தது.

ஊசி ஏறியது. இறங்கியது. கொஞ்சம் வேகமாக.

நான் மூச்சை அடக்கினேன்.

ஊசி நின்றது.

மூச்சை விட்டேன். ஊசி ஆடியது.

ஹெட்போனை எடுத்துக் காதில் வைக்கவில்லை. வைத்தால் என்ன கேட்கும் என்று தெரியும். யாராவது ஒருவர் அமைதி கேட்பார், நானும் முதுகை நேராக்கி உட்கார வேண்டியிருக்கும். ரிசீவரை அணைத்துவிடலாம். அணைத்தால் மற்ற இரண்டும் போய்விடும், தொடர் போய்விடும்.

நிறைய யோசித்தேன். மைக் கடைசியாக யார்மேல் இருந்ததோ சேனல் அவருடையது. தொழிலில் அது அப்படித்தான்.

நாளைய வேலை: காலை ஒன்பது மணிக்கு இவோனின் அம்மாவிடம் பேட்டி. அழுகை வேண்டும். மூன்றாவது மைக்கை அவருக்கு மாட்டிவிட்டு வர வேண்டும்.