பூட்டிய அறைக் காட்சி

வசனம் முடிந்த பிறகும் திரையில் சிட்டுவின் உதடு அசைந்துகொண்டிருந்தது.

பழைய டேப்தானே, எங்கேயாவது இழுத்திருக்கும் என்று அவள் நினைத்துக்கொண்டாள். சிட்டு வேறு யாருமல்ல, அவளேதான். ஏழு வயதில் தொலைக்காட்சித் தொடரில் சிட்டுவாக நடித்தபோது ஊரே அவளைத் தலையில் தூக்கி வைத்து ஆடியது. பால்பல் விழுந்து புதுப்பல் முளைத்ததும் தொப்பென்று கீழே போட்டது. இப்போது அடுத்தவர் பிள்ளைகளுக்குப் பின்னணிக் குரல் கொடுத்துப் பிழைக்கிறாள். தொடரை மறுபடி ஒளிபரப்பப் போகிறார்களாம். படம் பிழைத்துக்கொண்டது, ஒலி கெட்டுவிட்டது. அவளுடைய சின்ன வயதுக்கு அவளையே குரல் கொடுக்கக் கூப்பிட்டிருந்தார்கள்.

டப்பிங் அறைக்கு ஜன்னல் கிடையாது. சுவரெங்கும் பஞ்சு வைத்துத் தைத்த துணி, அதில் ஊறிப்போன ஏசியின் ஈர வாடை, காதை இறுக்கும் ஹெட்ஃபோன், அதற்குள் அவள் மூச்சே யாரோ முதுகுக்குப் பின்னால் நின்று விடுகிற மூச்சு போலக் கேட்டுக்கொண்டிருந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினியர். அவருக்குப் பின்னால் சோபாவில் அவள் மகள் வாண்டு, கலர் பென்சிலோடு. மகளை இந்தத் தொழிலின் வாசற்படியை மிதிக்கவே விடக் கூடாது என்று வைராக்கியமாக இருந்தவள்தான். இன்று பார்த்துக்கொள்ள ஆளில்லை.

"சிட்டுக்கா, அடுத்தது அழுற சீன். பூட்டின ரூம்ல."

அது அவளுக்கு மறக்காது. கிளிசரின் கண்ணீரில் உயிர் இல்லை என்று டைரக்டர் வேறு வழி வைத்திருந்தார். கேமராவை ஓடவிட்டு, செட் அறையில் அவளை நிஜமாகவே பூட்டிவிடுவார். "உங்கம்மா உன்னை விட்டுட்டுப் போயிட்டாங்க. இனிமே வர மாட்டாங்க" என்று கதவுக்கு வெளியிலிருந்து சொல்வார். அம்மாவும் அவர் பக்கத்தில்தான் வாயைப் பொத்திக்கொண்டு நிற்பாள். இந்தக் காட்சி எடுத்த அன்றைக்கு அழுகை பிரமாதமாக வந்ததால் வெகுநேரம் திறக்கவில்லை. திறந்தபோது பிள்ளை கண்ணைத் துடைத்துக்கொண்டு அமைதியாக வெளியே வந்தது.

அதற்குப் பிறகு அவள் அழுததே இல்லை. அம்மா செத்தபோதும் அழுகை வரவில்லை. "பெத்தவ போயிட்டா, ஒரு சொட்டுக் கண்ணீர் விடலையே, கல்நெஞ்சக்காரி" என்று சித்தி காதுபடவே சொன்னாள். நியாயம்தான் என்று பட்டது. வருத்தமாகக்கூட இல்லை.

காட்சி ஓடியது. அவள் விசும்பினாள்.

"அக்கா, சத்தம் வருது, அழுகை வரல. இன்னொரு தடவ."

அதே துண்டு மறுபடி ஓடியது. இந்த முறை சிட்டு கதவருகில் இல்லை. அறை நடுவில் நின்று நேராகப் பார்த்தாள். உதடு அசைந்தது. கையிலிருந்த தாளில் அங்கே வசனமே கிடையாது. ஆனால் ஆடின காலும் பாடின வாயும் சும்மா இருக்குமா? எந்த உதடு அசைந்தாலும் குரல் கொடுத்தே பழகிய வாய் அது.

"அம்மா போகலன்னு எனக்குத் தெரியும்" என்றது அவள் வாய், ஏழு வயதுக் குரலில். "வெளிய மூச்சு விடறது கேட்டுச்சு."

"அக்கா, இது ஸ்கிரிப்ட்ல இல்லையே?"

மறுபடி ஓடியது. சிட்டு இன்னும் கிட்டே வந்திருந்தாள். திரை முழுக்க முகம். கன்னத்தில் காய்ந்த கண்ணீர்க் கோடு.

"வெளிய வந்தது நான் இல்ல. நான் இங்கயேதான் இருக்கேன்."

அவள் வாயைப் பொத்தினாள். உள்ளங்கைக்குள் உதடு அசைந்தது.

"வாண்டு... இங்க வாயேன். விளையாடலாம்."

அவள் பேசுவதெல்லாம் அந்தப் பக்கத்து ஸ்பீக்கரில் கேட்கும். வாண்டு நிமிர்ந்தாள். சிரித்தாள். சோபாவிலிருந்து இறங்கினாள்.

வராதே என்று கத்த வேண்டும். திரையில் சிட்டுவின் உதடு மூடியிருந்தது. அவள் வாயும் திறக்கவில்லை.

கதவு திறந்தது. திரையில். ஒரு கீற்று வெளிச்சம்.

மூடியது.

சோபா காலி.

பிறகு ஹெட்ஃபோனில் அழுகை. பிஞ்சுக் கைகள் கதவைத் தட்டும் சத்தம். "அம்மா! கதவத் திறம்மா! அம்மா!" திரையில், பூட்டிய அறையில், வாண்டு. விரலெல்லாம் பென்சில் கலர்.

"அக்கா, இதுதான்! புல்லரிச்சுப் போச்சு!" இன்ஜினியர் கட்டைவிரலை உயர்த்தினார். "டேக் ஓகே. பாருங்க, உங்க பொண்ணே பயந்து உள்ள ஓடி வந்துட்டா."

ஒரு சின்னக் கை அவள் கையைப் பிடித்தது. சில்லென்று இருந்தது. குனிந்தாள். பிள்ளையின் கன்னத்தில் காய்ந்த கண்ணீர்க் கோடு. விரலில் பென்சில் கலர் இல்லை.

"போலாமாம்மா?"

இப்போது அழ வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்தது. எப்படி என்றுதான் தெரியவில்லை. ஹெட்ஃபோனைக் கழற்றிக் கொக்கியில் மாட்டினாள். அதன் உள்ளே கதவு தட்டும் சத்தம் இன்னும் கேட்டுக்கொண்டிருந்தது. இன்ஜினியர் சுவிட்சை அணைத்தார். அந்தச் சின்னக் கை இழுத்த பக்கம் அவள் நடந்தாள்.