வாசலில் நின்ற மாப்பிள்ளை

சுல்தானின் தாயாருக்கு வலதுகையான குல்பெயாஸ் மூச்சிரைக்க வந்து நின்றபோது, ரெய்னா ஆலிவ் காய்களுக்கு உப்புப் போட்டுக்கொண்டிருந்தாள்.

“கையைக் கழுவிட்டுக் கிளம்பு. செத்துப்போன மாப்பிள்ளை திரும்பி வந்துட்டான்!”

ரெய்னா அரண்மனைப் பெண்களுக்குப் பட்டும் முத்தும் விற்கிறவள். போலி முத்தைப் போலவே போலி மனிதர்களையும் கண்டுபிடித்துவிடுவாள் என்று பேர். அவளைவிட அவள் நாத்தனார் ஓரோவுக்குத்தான் கால் தரையில் பாவவில்லை.

குல்பெயாஸ் படகிலேயே விஷயத்தைக் கொட்டினாள். இளவரசி நெவ்ஜிஹானை முதலில் ஒரு கிழட்டு அமைச்சருக்குக் கட்டிவைத்தார்கள். மூன்று வருஷம் குடும்பம் நடத்திவிட்டு அவர் போய்ச் சேர்ந்தார். அடுத்து, எல்லைப் படையை வளைத்துப்போட பெஹ்ரூஸ் பாஷா. எல்லையிலேயே வளர்ந்தவர், நகரத்தில் அவரைத் தெரிந்தவர் கிடையாது. நிக்காஹ்கூட அவர் அனுப்பிய ஆள் மூலம்தான் நடந்தது. நிக்காஹ் முடிந்த கையோடு, மனைவியின் முகத்தைக்கூடப் பார்க்காமல் போருக்குப் போனார். சிறையில் இறந்ததாகச் செய்தி வந்தது. இப்போது கடற்படைக்காக எழுபது வயது துர்சுன் பாஷாவுக்கு இளவரசியைப் பேசி முடித்திருக்கிறார்கள். இந்த நேரம் பார்த்து ஒருவன் நிக்காஹ் மோதிரத்தோடு வந்து, “நான்தான் பெஹ்ரூஸ்” என்கிறான்.

“பொய்னா அவன் தலை போகும். நிஜம்னா துர்சுன் பாஷா கல்யாணம் நின்னுபோகும். நீ தப்பாச் சொன்னியோ...”

“என் தலை போகும். புரியுது,” என்றாள் ரெய்னா.

கூடத்தில் சுல்தானின் தாயார் அமர்ந்திருந்தார். திரைக்குப் பின்னால் இளவரசி. வந்தவன் வாசலைத் தாண்டியதும் கைகட்டி நின்றான். குல்பெயாஸ் உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. மண்டியிட்டுத் திரையின் ஓரத்தை முத்தமிட்டு, மறுபடி எழுந்து நின்றான். உள்ளிருந்து இளவரசியின் விரல் அசைந்த பிறகுதான் மெத்தையின் நுனியில் உட்கார்ந்தான்.

ஓரோவுக்கு உடம்பெல்லாம் பரபரத்தது. “அண்ணி, பாத்தீங்களா! அரண்மனை மாப்பிள்ளைக்குத்தான் இந்த மரியாதையெல்லாம் தெரியும். அசல் சரக்கு!”

“அதான் இடிக்குது. வா உள்ள.”

இளவரசியிடம் தனியாக ஒரு கேள்வி என்று தாயாரிடம் அனுமதி வாங்கிக்கொண்டு ரெய்னா திரைக்குள் போனாள்.

“மோதிரம் நிஜம், ஆள் பொய்,” என்றாள் மெதுவாக. “எல்லையில வளர்ந்த படைவீரனுக்கு இந்த மரியாதையெல்லாம் எங்கேயிருந்து வரும்? முதல் ராத்திரி அறைக்குள்ள போறதுக்கு முன்னாடிதான் மாப்பிள்ளைக்கு இதைச் சொல்லிக்கொடுப்பாங்க. பெஹ்ரூஸ் அந்த அறைப்பக்கமே போகலையே! நிஜமான பெஹ்ரூஸா இருந்தா, உட்காருன்னதும் பொத்துன்னு உட்கார்ந்திருப்பார். இவனுக்கு யாரோ பாடம் நடத்தியிருக்காங்க. மோதிரம் இருந்தும் இந்த நாடகம் தேவைன்னு பயந்தவங்க. முதல் புருஷன் தினம் வந்து நின்னதைக் கண்ணால பாத்தவங்க.”

இளவரசியின் முகம் வெளுத்துவிட்டது. ஓரோ வாயைப் பொத்திக்கொண்டாள்.

“பெஹ்ரூஸ் பாஷாவோட எழுத்தர் அவர். சிறையில கடைசிவரைக்கும் கூடவே இருந்திருக்கார். மோதிரத்தைக் குடுத்துட்டுப் போகத்தான் வந்தார். நான்தான் போகவிடல. இன்னொரு கிழவன்கிட்ட என்னால முடியாது, ரெய்னா. என்னை என்ன வேணா பண்ணட்டும். அவர் தலை போகக்கூடாது.”

“அவருக்குச் சம்மதமா?” என்று ஓரோ குறுக்கிட்டாள்.

“கழுத்தைக் குடுத்துட்டு வெளியே உட்கார்ந்திருக்காரே, இன்னும் என்ன கேக்கணும்?”

ரெய்னா ஒரு கணம் கண்ணை மூடினாள். பிறகு திரையை விலக்கிக்கொண்டு வெளியே போனாள்.

“அம்மா, இவர்தான் இளவரசியோட மாப்பிள்ளை. என் தலைமேல ஆணை.”

குல்பெயாஸ் பெருமூச்சு விட்டாள். தாயாரின் உதடு இறுகியது.

“ஆனா ஒண்ணு,” என்றாள் ரெய்னா. “இத்தனை வருஷப் பிரிவு. நாளைக்கு ஊர் வாய்க்கு வரக்கூடாது. காஜியாரைக் கூப்பிட்டு நிக்காஹைப் புதுப்பிச்சிடுங்க. இப்பவே.”

“அடிப்பாவி!” என்று ஓரோ பூரிப்போடு முனகினாள். பொய்யை ஒரே நொடியில் மெய்யாக்கிவிட்டாளே!

காஜியார் வந்து திரைக்கு முன் நின்று, பெண்ணுக்குச் சம்மதமா என்று கேட்டார். இரண்டு கல்யாணத்திலும் இளவரசிக்காகப் பதில் சொன்னவள் குல்பெயாஸ்தான். வழக்கம்போல அவள் வாயைத் திறந்தாள்.

“நீ சும்மா இரு,” என்றது திரைக்குள்ளிருந்து ஒரு குரல். “கேட்டது என்னை. சம்மதம்.”