சூடாகாத கிண்ணம்

பத்து நிமிடம் ஓடி முடித்த மைக்ரோவேவிலிருந்து அவன் எடுத்த கண்ணாடிக் கிண்ணம் சில்லென்று இருந்தது.

கேஸ் தீர்ந்துபோயிருந்தது. பஸ் ஓட்டிப் பிழைக்கும் அவனுக்குச் சமையல் சுட்டுப்போட்டாலும் வராது. ஆனால் அம்மா போனபின் அவனை வளர்த்து ஆளாக்கிய அக்கா, ஆபரேஷன் முடிந்து நேற்றுத்தான் வீடு திரும்பியவள், வாய்விட்டுக் கேட்டது கொஞ்சம் கோழி சூப்தான். தோல் உரித்த துண்டுகள், தட்டிய இஞ்சி, பூண்டு, மிளகு, மூழ்கத் தண்ணீர். எல்லாம் சரியாகத்தான் போட்டிருந்தான்.

மறுபடி பத்து நிமிடம் வைத்தான். வெளியே மழைக்கு இருட்டிக்கொண்டு வந்தது. உள்விளக்கின் மஞ்சள் வெளிச்சத்தில் கிண்ணம் மெல்லச் சுற்றச் சுற்ற, இஞ்சி மணக்க வேண்டிய சமையலறையில் பச்சை ரத்தத்தின் கவிச்சியும் நனைந்த வைக்கோலின் முடையும் கலந்து சுவரோரமாகப் பரவின.

திறந்தான். துண்டுகளின் மேல் வெளிறிய தோல் மூடியிருந்தது.

கடைக்காரர் உரித்துத்தானே கொடுத்தார்?

உள்ளறையிலிருந்து அக்கா குரல் கொடுத்தாள். "டேய், சூப் வைக்கிறியா, கோழி வளக்கிறியா?"

"இதோ ஆயிடுச்சுக்கா." சிரிக்கப் பார்த்தபடி மைக்ரோவேவ் கதவைச் சட்டென்று சாத்தினான்.

கொட்டிவிடலாமா? வீட்டில் வேறு ஒன்றும் இல்லை, மழை பிடித்துவிட்டது, அவளோ காலையிலிருந்து வெறும் வயிற்றோடு கிடக்கிறாள். தன் கண்தான் ஏமாற்றுகிறது என்று மனத்தைத் தேற்றிக்கொண்டு மூன்றாம் முறை பொத்தானை அழுத்தினான்.

இந்த முறை எண்கள் குறையவில்லை. கூடின. பதினொன்று. பன்னிரண்டு.

பிளக்கைப் பிடுங்கினான். விளக்கு அணையவில்லை. சுற்றுவது நிற்கவில்லை. உள்ளே ஏதோ ஈரமாக ஒட்டிக்கொள்ளும் சத்தம். எலும்போடு எலும்பு சேர்ந்தது. பிறகு நகம் கண்ணாடியைப் பிறாண்டியது.

குனிந்து பார்த்தான்.

கோழி எழுந்து நின்றது. நனைந்த வெள்ளை இறகு. இரண்டு கால். வெட்டுப்பட்ட கழுத்து. தலை மட்டும் இல்லை.

"கொக்."

சத்தம் மைக்ரோவேவிலிருந்து வரவில்லை.

"அக்கா?"

ஓடினான். வயிற்றுத் தையலோடு புரண்டு படுக்கவே முடியாதவள் கட்டிலில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தாள். அவன் பக்கம் முகம் திரும்பவில்லை. கழுத்து மட்டும் வெடுக்கென்று பக்கவாட்டில் சாய்ந்தது. ஒற்றைக் கண். வட்டமாக. இமைக்காமல்.

அவனைப் பார்த்தது.